கீழ்ப்பலகையில் ஒரு இஞ்சு

“முப்பது இஞ்சுன்னு நான் எழுதிக் கொடுத்தா, நீங்க பாட்டுக்கு முப்பத்தொண்ணு அறுத்து அனுப்பிட்டு, இப்போ வந்து—”

“எழுதினது முப்பது, அறுத்தது முப்பது. சீட்டு என் சட்டைப் பையிலதான் இருக்கு, உங்க கையெழுத்துதான்—”

“எங்க அக்கா காலைப் பாத்தீங்களா? அதைப் பாத்துட்டு வந்து பேசுங்க.”

“பாத்துட்டுத்தான் டிரைவர் சார் பேசறேன். எனக்கும் நேத்துலேர்ந்து சோறு இறங்கலை. ஆனா அந்த ஒரு இஞ்சு என்னோடது இல்ல.”

என் வீட்டுக்காரர் ஒரு பக்கம், மரக்கடைக்காரர் ஒரு பக்கம். நடுவில், கூடத்துத் தரையில், நீராவி அறையின் கீழ்ப்பலகை கவிழ்ந்து கிடந்தது. உடைத்தெடுத்த கதவு சுவரில் சாய்ந்திருந்தது. அதன் கீழ்ப்பாதியில் ஆள் நுழைகிற அளவுக்கு ஓட்டை. முந்தின நாள் மத்தியானம் எதிர்வீட்டு வெல்டர் கடப்பாரையால் போட்ட ஓட்டை.

நான் சமையலறை வாசலில் தண்ணீர் டம்ளரோடு நின்றேன். மரக்கடைக்காரருக்குக் கொண்டுவந்தவள், நீட்டவும் இல்லை, திரும்பிப் போகவும் இல்லை. அந்த ஒரு இஞ்சு யாருடையது என்று அந்த வீட்டில் எனக்கு மட்டும்தான் தெரியும். நான் வாயைத் திறக்காவிட்டால், முப்பது வருஷமாகக் கடை வைத்திருக்கிற மனுஷனின் பெயர் தெருவில் நாறிப்போகும். திறந்தால் என் பெயர் நாறும், அதுவும் என் வீட்டுக்குள்ளேயே.

முன்னறைக் கதவு திறந்திருந்தது. கட்டிலில் இவருடைய அக்கா, என் நாத்தனார், இரண்டு காலிலும் முழங்கால் வரை கட்டோடு படுத்திருந்தார். ஒரு ராத்திரி ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு வந்தவர், இதுவரை ஒரு வார்த்தை பேசவில்லை. கண் மட்டும் திறந்திருந்தது. கூடத்தில் நடப்பது எல்லாம் அவர் காதில் விழுந்துகொண்டுதான் இருந்தது.

நாத்தனார் ஒரு பெண்கள் விடுதியில் வார்டனாக இருந்தவர். கல்யாணம் கட்டிக்கொள்ளவில்லை. ஓய்வு பெற்றுத் தனியாக இருந்தார். முட்டி இரண்டும் மடக்க முடியாமல் போனதும், இவர் போனிலேயே, இங்கேயே வந்துவிடு அக்கா, கடைசி வரைக்கும் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார். சாப்பிடும்போதுதான் எனக்குச் சேதி வந்தது, உப்பு கேட்கிற மாதிரி. நான் உப்பை நகர்த்தி வைத்தேன். அதற்குப் பிறகு ஒரு மாதம் எங்களுக்குள் பேச்சு என்றால் பால் வந்ததா, கேஸ் தீர்ந்ததா என்கிற அளவில்தான்.

எனக்கு அவர் மேல் பெரிய வெறுப்பு ஒன்றும் கிடையாது. கை சுத்தம், பேச்சு சுத்தம். ஒரே ஒரு விஷயம், அவர் யாரையும் வாயால் கூப்பிட மாட்டார். தட்டுவார். விடுதியில் நூற்றுச் சொச்சம் கதவுகளைத் தினமும் தட்டிய விரல். மேசையில் ஒரு தட்டு என்றால் தண்ணீர். கட்டில் சட்டத்தில் இரண்டு தட்டு என்றால் விளக்கை அணை. சுவரில் தட்டினால் எதுவாகவும் இருக்கலாம், எழுந்து போய்த்தான் கேட்டுக்கொள்ள வேண்டும். போன தடவை பத்து நாள் தங்கிவிட்டுப் போன பிறகும், தகரத்தில் மழைத்துளி விழுந்தால் நான் எழுந்து நின்றேன். இதை இவரிடம் சொன்னால் சிரிப்பார். இவர் சின்ன வயதிலிருந்தே அந்தத் தட்டலுக்கு எழுந்து பள்ளிக்கூடம் போனவர்.

முட்டி வலிக்கு நீராவிக் குளியல் நல்லது என்று நாத்தனாரின் டாக்டர் சொன்னாராம். அவ்வளவுதான், இவர் பின்பக்கத்துச் சாமான் அறையைக் காலி பண்ணிவிட்டார். ஆவி இயந்திரம் கடையில் வாங்கியது. உள்ளே இருக்கிற பலகைகளை மட்டும் நானே செய்வேன் என்று நின்றார். பஸ் டிப்போவில் இவருக்கு ‘நூலு’ என்று பெயர். சுவருக்கும் பஸ்ஸுக்கும் நடுவில் நூல் இடைவெளி விட்டு, கண்ணாடியைக்கூடப் பார்க்காமல் நிறுத்துவார். பஸ்ஸையே நிறுத்தினவனுக்குப் பலகை என்ன பெரிய விஷயம் என்பது இவர் நினைப்பு.

நான் கேலியாகச் சொன்னாலும், வேலையை நன்றாகத்தான் செய்தார். கணு இருக்கிற மரம் கூடாது, சூட்டில் பிசின் வடியும் என்று மரக்கடையில் பாதி நாள் பலகையைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தாராம். பாலீஷ் கூடாது, ஆவியில் அது மூக்கை அடைக்கும். ஸ்க்ரூ எல்லாம் அடியிலிருந்துதான் முடுக்க வேண்டும், மேலே இரும்பு தெரிந்தால் உட்காருகிறவர் தோல் பொத்துவிடும். பலகைக்குப் பலகை விரற்கடை இடைவெளி, தண்ணீர் இறங்க. விளிம்பெல்லாம் உப்புத்தாள் போட்டு, அக்காவுக்கு முட்டி இடித்தாலும் வலிக்காத மாதிரி உருட்டினார். அந்த விளிம்பை நான் யாரும் பார்க்காதபோது தடவிப் பார்த்தேன். வழுவழுவென்று இருந்தது. எனக்கு இந்த மனுஷன் ஒரு முக்காலிகூடச் செய்து கொடுத்ததில்லை.

அறையின் வலது சுவர் நெடுக இரண்டு பலகைத் தட்டு. மேல்தட்டு படுக்க, சுவரோடு பொருத்தியது. கீழ்ப்பலகை உட்காரவும் காலை வைத்து ஏறவும். அதைப் பொருத்தவில்லை. வெளியே எடுத்துக் கழுவிக் காய வைக்க வேண்டும் என்பதற்காகக் குட்டைக் கால்கள் வைத்துச் சும்மா நிறுத்தினார்.

கதவு வெளிப்பக்கம்தான் திறக்க வேண்டும் என்று இயந்திரம் விற்றவர் படித்துப் படித்துச் சொன்னாராம். ஆனால் வெளியே, ஜன்னல் வெளிச்சம் விழுகிற அந்த ஒரே இடத்தில், என் தையல் மேசை இருந்தது. நகர்த்தட்டுமா என்று இவர் கேட்டார். என்னையும் சேர்த்து வெளியே தூக்கிப் போட்டுவிடுங்கள் என்றேன். கதவு பழையபடி உள்பக்கமே திறந்தது.

அதனால்தான் அந்த ஒரு இஞ்சு. கீழ்ப்பலகை அகலவாட்டில் வலது சுவரிலிருந்து கதவு நிலை வரைக்கும் நீட்டிக்கொண்டு வரும். கதவின் விளிம்பு அதில் இடிக்காமல் உள்ளே திரும்ப வேண்டும். இவர் சுவரிலிருந்து நிலை வரைக்கும் டேப்பை வைத்துப் பார்த்தார், முப்பத்தொன்று. கதவுக்காக ஒன்று கழித்தார். பலகை முப்பது என்று சீட்டில் எழுதினார்.

அந்த டேப்பு என்னுடையது.

நான் வீட்டிலேயே துணி தைக்கிறவள். என் இஞ்ச் டேப்பின் பித்தளை முனை எந்தக் காலத்திலோ கழன்று விழுந்து, நுனி பிரிந்து பிசிறடித்தது. கத்திரிக்கோலால் ஒன்று என்கிற கோட்டோடு நறுக்கிவிட்டேன். அன்றிலிருந்து டேப்பில் முப்பத்தாறு என்று படித்தால் நோட்டில் முப்பத்தைந்து என்று எழுதுவேன். கை பழகிவிட்டது. புது டேப்பு வாங்கினேன், அது விரலில் வழுக்கியது, பெட்டியில் போட்டுவிட்டேன். இவருடைய இரும்பு டேப்பின் சுருள் உடைந்து கிடந்தது என்பது எனக்குத் தெரியாது. வியாழக்கிழமை சாயங்காலம் இவர் சட்டைப் பையிலிருந்து என் டேப்பு எட்டிப் பார்த்தது. மேசை மேல் சீட்டு. பார்த்ததும் புரிந்துவிட்டது. மரக்கடையில் மறுநாள்தான் அறுப்பார்கள்.

ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். சொல்லவில்லை. பலகை பொருந்தாமல் திரும்பிப் போகட்டும், மறுபடி அறுக்கட்டும், நாள் தள்ளிப் போகட்டும், குளியல் அறை முடியாமல் அக்கா எப்படி வருவாள் என்று இவரே போன் போட்டுச் சொல்லட்டும். இவ்வளவுதான் நான் நினைத்தது. கதவு என் நினைப்பில் வரவே இல்லை. சத்தியமாக வரவில்லை.

பலகை பொருந்திவிட்டது. சனிக்கிழமை காலையில் கீழ்ப்பலகையை உள்ளே வைத்துக் கதவைத் திறந்து மூடிப் பார்த்தார். விளிம்பு உரசுகிற மாதிரி, ஆனால் உரசாமல் திரும்பியது. ஒரு இஞ்சு விட்டேனே, எங்கே போச்சு என்று தனக்குத் தானே கேட்டுக்கொண்டார். சுவர் கோணல், கொத்தனார் அப்படி என்று அவரே பதிலும் சொல்லிக்கொண்டார். நான் ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தேன். அன்று மத்தியானம் நாத்தனார் வந்து இறங்கினார்.

ஞாயிற்றுக்கிழமை நடந்ததை நான் இதுவரை முழுசாக யாருக்கும் சொன்னதில்லை.

இவர் அக்காவின் மிச்ச சாமான்களை எடுத்துவர பஸ் நிலையத்துக்குப் போனார். நாத்தனார் துண்டைச் சுற்றிக்கொண்டு உள்ளே போனார், கதவைச் சாத்திக்கொண்டார். நான் வெளியே சுவிட்சைப் போட்டுவிட்டு, என் மேசையில் உட்கார்ந்தேன். கதவுக்கும் என் நாற்காலிக்கும் இரண்டு எட்டுகூட இல்லை. ஒரு பாவாடைக்கு ஓரம் மடித்துக் கையால் தைத்துக்கொண்டிருந்தேன்.

கொஞ்ச நேரத்தில் ஒரு தட்டல் வந்தது. தண்ணீர். காலையிலிருந்து பதினோராவது தடவை. குளிக்கிறவருக்குத் தண்ணீர் எதற்கு என்று எனக்குள் சிரித்துக்கொண்டேன். பிறகு இரண்டு. பிறகு மூன்று. அதன் பிறகு வந்ததில் கணக்கே இல்லை. உள்ளங்கையால் அடிக்கிற சத்தம். அது அவருடைய வழக்கமான தட்டல் இல்லை என்று என் காது சொன்னது. என் கை, இந்த ஓரத்தை முடித்துவிடலாம், முடித்துவிட்டுப் போகலாம் என்றது. முடித்தேன். முடிச்சுப் போட்டேன். நூலைப் பல்லால் கடித்தேன். அதற்குள் சத்தம் நின்றுவிட்டது. நின்றதும் எனக்கு, அப்பாடா என்று இருந்தது.

பாவாடையை மடித்து வைத்துவிட்டு, என்ன அக்கா வேணும் என்று கேட்டேன். பதில் இல்லை. கதவைத் தள்ளினேன். அசையவில்லை. தோளால் தள்ளினேன். சுவரைத் தள்ளுகிற மாதிரி இருந்தது.  சுவிட்சை அணைத்துவிட்டு, செருப்புகூடப் போடாமல் எதிர்வீட்டுக்கு ஓடினேன்.

என்ன நடந்தது என்று வெல்டர்தான் பிறகு காட்டினார். ஆவியில் மரம் கொஞ்சம் உப்பியிருக்கிறது. மேலிருந்து இறங்கும்போது நாத்தனாரின் கால் அழுத்தியதில் கீழ்ப்பலகை ஒரு நூல் முன்னால் நகர்ந்திருக்கிறது. அந்த ஒரு நூல் போதும், கதவு விளிம்பு அதில் முட்டிக்கொண்டது. பலகையைச் சுவர்ப்பக்கம் தள்ளியிருந்தால் கதவு திறந்திருக்கும். ஆனால் அவர் அந்தப் பலகை மேல் நின்றுகொண்டுதான் கதவைத் தட்டியிருக்கிறார். அவருடைய எடையே அதை நகர விடாமல் பிடித்துக்கொண்டது. மயங்கி அதன் மேலேயே சரிந்திருக்கிறார், ஆவி வருகிற குழாய்க்கு நேராகக் கால் இரண்டும் கிடக்க.

ஆஸ்பத்திரியில் டாக்டர், இன்னும் அஞ்சு நிமிஷம் ஆகியிருந்தால் என்று ஆரம்பித்து, இவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். யாரும் என்னைக் கேட்கவில்லை. நானாகத்தான் சொன்னேன், தையல் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது, காதில் விழவில்லை என்று. இவர் என் கையைப் பிடித்து, நீ என்ன பண்ணுவே என்றார். ஒரு மாதத்துக்குப் பிறகு இவர் என்னைத் தொட்டது அப்போதுதான்.

இப்போது கூடத்தில் மரக்கடைக்காரர் தன் இடுப்பிலிருந்து இரும்பு டேப்பை எடுத்தார். கீழ்ப்பலகைமேல் நீட்டினார். முப்பது, மயிரிழை கூடவும் இல்லை, குறையவும் இல்லை. இவர் குனிந்து பார்த்தார். மரக்கடைக்காரர் எழுந்து பின்பக்கம் போனார். கதவு இல்லாத அந்த அறையில் சுவருக்கும் நிலைக்கும் டேப்பை வைத்தார்.

“இங்கேயும் முப்பதுதானே சார் இருக்கு. உங்களுக்கு முப்பத்தொண்ணு எங்கே கிடைச்சுது?”

இவர், ரெண்டு தடவை பாத்தேனே, ரெண்டு தடவை பாத்தேனே என்றபடி என் மேசைக்குப் போய் டேப்பை எடுத்துவந்து, சுவரில் வைத்தார். முப்பத்தொன்று. கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி வைத்தார். முப்பத்தொன்று. ஒரே சுவர், இரண்டு அளவு. டிரைவராக இருந்த காலத்தில் ஒரு சைக்கிளைக்கூட உரசாத மனுஷன், சுவரையும் தன் கையையும் மாறி மாறிப் பார்த்தார். மரக்கடைக்காரருக்கே பயம் வந்துவிட்டது. உக்காருங்க சார், தலை சுத்துதா என்று தோளைப் பிடித்தார்.

நான் டம்ளரைத் தரையில் வைத்தேன்.

“அதுல முதல் இஞ்சு இல்லீங்க. நான்தான் நறுக்கினேன்.”

இரண்டு பேரும் திரும்பினார்கள். நான் போய் இவர் கையிலிருந்து டேப்பை வாங்கி, நுனியைக் காட்டினேன். ஒன்று என்கிற எண் பாதியாக நின்றது. இவர் அதை வாங்கிக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். 

மரக்கடைக்காரர் நல்ல மனுஷன். தன் பெயர் தப்பித்த சந்தோஷத்தைக்கூட அவர் காட்டிக்கொள்ளவில்லை. சீட்டை எடுத்து நாலாக மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, தெரியாமல் நடந்ததுதானே, யார் வீட்டிலும் நடக்கும், இனிமேல் கதவை வெளிப்பக்கமாகத் திருப்பிவிடலாம், நானே ஆள் அனுப்புகிறேன் என்றார். இவரும் தலையை ஆட்டினார். அவ்வளவு நேரம் திட்டினதற்கு அவர் கையைப் பிடித்துக்கொண்டு, மனசுல வச்சுக்காதீங்க அண்ணே என்றார். என்னைப் பார்த்து, விடும்மா, நீ வேணும்னேவா பண்ணினே என்றார்.

நான் அத்தோடு நிறுத்தியிருக்கலாம். எல்லாம் சரியாகி வருகிற நேரம். ஆனால் அந்த ‘வேணும்னேவா பண்ணினே’ என்கிற பேச்சு என்னைப் போட்டு உலுக்கிவிட்டது.

“எனக்குத் தெரியும். வியாழக்கிழமையே தெரியும். சீட்டையும் பாத்தேன், டேப்பையும் பாத்தேன். சொல்லலை.”

“என்னது?”

“நாள் தள்ளிப் போகட்டும்னு நினைச்சேன். அக்கா கொஞ்சம் தாமதமா வரட்டும்னு. அதுக்கு மேல ஒண்ணும் நினைக்கலை.”

மரக்கடைக்காரர் மெதுவாகச் செருப்பைத் தேடினார், நான் வரேன் சார் என்று யாருக்கும் கேட்காமல் சொல்லிவிட்டு வெளியேறினார். இவர் கவிழ்ந்து கிடந்த பலகைக்குப் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். முப்பத்தெட்டு வருஷம் ஒரே தட்டில் சாப்பிட்ட மாதிரி வாழ்ந்தோம். இவர் என்னைப் பார்த்த பார்வை, வீட்டுக்குள் வழி தவறி வந்துவிட்ட ஆளைப் பார்க்கிற மாதிரி இருந்தது. கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். இவர் கை மட்டும் அந்த உருட்டின விளிம்பைத் தடவிக்கொண்டிருந்தது. ஏன், ஏன் என்று இரண்டு தடவை கேட்டார். என்னிடம் கேட்டாரா, பலகையிடம் கேட்டாரா தெரியவில்லை.

அப்போதுதான் முன்னறையில் கட்டில் முனகியது. நாத்தனார் முழங்கையை ஊன்றிப் பாதி எழுந்திருந்தார். இவர் ஓடிப்போய், படுத்துக்கோ அக்கா, கட்டு அவிழ்ந்துடும் என்று தலையணையை நிமிர்த்தினார். நான் நிலைப்படியில் நின்றேன்.  அவர் இவரைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தார். ஒரு நாள் முழுக்கப் பேசாத தொண்டை, ஆவியில் வெந்த தொண்டை, முதல் வார்த்தை காற்றாகத்தான் வந்தது. எச்சிலை விழுங்கிவிட்டு மறுபடி ஆரம்பித்தார். குரலில் கோபமே இல்லை. தெரியாத ஒன்றைத் தெரிந்துகொள்ளக் கேட்கிற மாதிரிதான் கேட்டார்.

“டேப்பு இருக்கட்டும்மா. நான் உள்ளே அடிச்சுக்கிட்டிருந்தப்போ உன் மெஷின் சத்தம் ஒரு தடவைகூடக் கேக்கலையே. நீ அப்போ என்ன பண்ணிக்கிட்டிருந்தே?”